பாதிப் பேச்சில் சைக்கிள் ஏறியவர்

அவரை நினைத்தால் இன்றைக்கும் எனக்குக் கோபம்தான் முதலில் வருகிறது. மற்றதெல்லாம் அதற்குப் பிறகுதான். நல்லவர், படித்தவர், கைசுத்தமானவர், மாட்டுக்கு வலித்தால் தனக்கு வலித்த மாதிரி துடிப்பவர் என்றெல்லாம் சொல்ல நிறைய இருக்கிறது. சொல்கிறேன். ஆனால் அந்த மனிதர் ஒரு பேச்சை முழுதாகப் பேசி முடித்து நான் பார்த்தது அபூர்வம். பாதியில் கோபம் வந்துவிடும். தோளில் கிடக்கும் துண்டை உதறுவார், "சீ, உங்ககிட்ட மனுசன் பேசுவானா" என்பார், சைக்கிளில் ஏறிப் போய்விடுவார். மீதிப் பேச்சும் அவரோடு சைக்கிளில் போய்விடும். அப்படிப் போன ஒரு மீதிப் பேச்சு என் தலையில் வந்து விடிந்தது.

அறுபதுகளின் தொடக்கம். உத்திரமேரூரிலிருந்து ஐந்து மைலில் எங்கள் ஊர். எங்கள் நெல் களத்தை ஒட்டி ஓடு வேய்ந்த ஓர் அறையைக் கட்டி, பசுக்களுக்குச் சினை ஊசி போடும் கிளை நிலையம் என்று சர்க்கார் பலகை மாட்டியிருந்தது. அதற்கு அவர்தான் ஸ்டாக்மேன், அதாவது கால்நடை உதவியாளர். ஊரில் எல்லோரும் டாக்டர் என்றே கூப்பிட்டார்கள். அதற்கும் கோபப்படுவார்.

"நான் டாக்டரு இல்லய்யா. டாக்டரு காஞ்சிவரத்துல கீறாரு. நான் ஸ்டாக்மேன். வாயில நுழையலன்னா யோவ்னு கூப்புடு."

யாரும் யோவ் என்று கூப்பிடவில்லை. டாக்டர் என்றே கூப்பிட்டுத் திட்டு வாங்கிக்கொண்டார்கள்.

காலை முதல் பஸ்ஸில் காஞ்சிபுரத்திலிருந்து உத்திரமேரூருக்கு ஒரு ப்ளாஸ்க் வரும். உள்ளே ஐஸ், ஐஸுக்கு நடுவில் சிறிய கண்ணாடிக் குழாய்களில் பொலிகாளையின் விந்து. அதை ஈரச் சாக்கில் சுற்றி சைக்கிள் கேரியரில் கட்டிக்கொண்டு வருவார். குண்டும் குழியுமான இடத்தில் இறங்கித் தள்ளிக்கொண்டே வருவார். "குலுக்கினா செத்துப்பூடும்" என்பார். அத்தனை வெயிலிலும் வழியில் ஒரு வாய் தண்ணீருக்குக்கூட நிற்க மாட்டார். ஐஸ் உருகுவதற்குள் வந்து சேர வேண்டும் என்பதுதான் அவருக்குக் கவலை.

எனக்கு அப்போது பதினெட்டு வயது. அந்த அறையைப் பெருக்கி, தண்ணீர் கொண்டுவந்து வைத்து, ஊசியையும் குழாயையும் வெந்நீரில் போட்டு எடுக்கும் வேலை என்னுடையது. எங்களுக்குச் சொந்த நிலம் இருந்தது. வீட்டுப் பெண்கள் எல்லோரும் எங்கள் கழனியிலேயே நடவு நட்டோம். ஆனால் நான் நட்டால் என் வரிசை மட்டும் பின்தங்கி நிற்கும். என் வலது கையில் கட்டைவிரலும் ஆள்காட்டி விரலும்தான் உண்டு. பதினாலு வயதில் கரும்பாலையில் கரும்புக் கழி கொடுத்துக்கொண்டிருந்தபோது வளையல் உருளையில் சிக்கியது. ஆலையைச் சுற்றும் மாடு நிற்பதற்குள் மூன்று விரல் போயிற்று. செங்கல்பட்டு ஆஸ்பத்திரியில் தைத்து அனுப்பினார்கள். அதிலிருந்து ஊரில் எனக்கு மொட்டைக்கை என்று பெயர்.

அவர் ஒரு நாளும் என் கையைப் பார்த்துப் பரிதாபப்பட்டதில்லை. முதல் நாளே வெந்நீர்ச் சட்டியை என் கையில் கொடுத்து, "கீழ போட்ட, வேற ஆளைப் பாத்துக்குவேன்" என்றார். அதற்காக அவர்மேல் எனக்கு ஒரு மரியாதை வந்தது. மறைத்துச் சொல்ல என்ன இருக்கிறது, பிரியமே வந்தது.

அவர் மேஜையில் ஒரு பெரிய பதிவேடு இருக்கும். எந்தப் பசுவுக்கு எந்தக் காளையின் ஊசி, அந்தப் பசு எந்தக் காளைக்குப் பிறந்தது என்று மணிமணியான எழுத்தில் எழுதி வைத்திருப்பார். ஒரு நாள் ஒரு பெண்பிள்ளை தன் கிடாரியைப் பிடித்துக்கொண்டு வந்தாள். இவர் பதிவேட்டைப் புரட்டினார். முகம் சிவந்தது.

"இதும் அப்பனும் இன்னிக்கு வந்த காளைதான். இத்தப் போட முடியாது."

"பரவால்ல போடுங்க. மாட்டுக்கு அப்பன் இன்னா, மாமன் இன்னா?"

"வாய மூடு" என்று கத்திவிட்டுச் சைக்கிளில் ஏறினார். ஏழு மைல் மிதித்து இன்னொரு நிலையத்துக்குப் போய், வேறு காளையின் குழாயை வாங்கி, மாலைக்குள் திரும்பி வந்தார். சட்டை முழுதும் வேர்வை. ஊசியைப் போட்டுவிட்டு அந்தப் பெண்பிள்ளையை இன்னொரு முறை திட்டினார். ஏன் என்று மட்டும் அவளுக்கும் சொல்லவில்லை, எனக்கும் சொல்லவில்லை. ஒரு கிடாரிக்காகப் போக வர பதினாலு மைல். இதை நான் மறக்கவே இல்லை. நீங்களும் மறக்க வேண்டாம்.

இன்னொரு முறை ஊரே அவருக்கு எதிராகத் திரும்பியது. மேலத்தெருக் குடியானவர் ஒருவர் காஞ்சிபுரம் போன இடத்தில், ப்ளாஸ்க் எங்கிருந்து வருகிறது என்று பார்த்துவிட்டு வரலாமே என்று போயிருக்கிறார். அங்கே நின்ற காளைக்கு ஒற்றைக் கொம்பு. சண்டையில் ஒன்று முறிந்துபோயிருந்தது. ஊருக்கு வந்து, கன்றுகளெல்லாம் ஒற்றைக் கொம்போடுதான் பிறக்கும் என்று சொல்லிவிட்டார். நாலு நாள் ஒரு மாடும் வரவில்லை. ஐந்தாம் நாள் இவர் நேராக, அந்தக் குடியானவர் உட்கார்ந்திருந்த டீக்கடைக்குப் போனார். நான் பின்னால் தண்ணீர்க் குடத்தோடு நின்றேன்.

"உன் பசுவு முதுகுல சூடு போட்டுக் கீதே, யாரு போட்டது?"

"நாந்தான். வயிறு உப்பிக்கிச்சு, போட்டேன்."

"அதும் ஆத்தாளுக்கு?"

"எங்க நைனா போட்டாரு."

"உன் பசுவு பொறக்கும்போது முதுகுல சூட்டோட பொறந்துச்சா? சரி, மாட்டை வுடு. உன் பொண்டாட்டி காது குத்திக்கினா. அவ ஆத்தா குத்திக்கினா. அவ ஆத்தாளுக்கு ஆத்தா குத்திக்கினா. உன் பொண்ணு பொறக்கும்போது காதுல ஓட்டையோடயா பொறந்துச்சு? நீதான ஆசாரியைக் கூப்ட்டு மறுபடியும் குத்தின? அப்ப ஒடைஞ்ச கொம்பு மட்டும் எப்டிய்யா கன்னுக்குப் போவும்?"

மறுநாள் மூன்று மாடு வந்தது. ஒரு வருஷம் கழித்து அந்த மேலத்தெருக்காரரே தன் கன்றைப் பிடித்து வந்து முளைவிட்ட இரண்டு கொம்பையும் பெருமையாகக் காட்டினார். அதற்கும் திட்டுதான். "இத்த இன்னாத்துக்கு இட்டுகினு வந்த? அன்னிக்குச் சொன்னப்பவே நம்பியிருக்கணும்."

அந்த நாட்களில்தான் என்னைப் பெண் பார்க்கப் புள்ளலூர்ப் பக்கத்திலிருந்து வந்தார்கள். மாப்பிள்ளையின் அம்மா என் முந்தானையை விலக்கி, நான் ஒளித்து வைத்திருந்த வலது கையை வெளியே எடுத்தாள். சந்தையில் கத்தரிக்காய் பார்ப்பதுபோலத் திருப்பிப் பார்த்தாள்.

"பொண்ணு லட்சணமாத்தான் கீது. ஆனா நாளைக்குப் பேரப்புள்ளையும் இதே மாதிரி மொட்டைக் கையாப் பொறந்தா நான் இன்னா பண்றது?"

எழுந்து போய்விட்டார்கள். மூன்றாவது முறை இது. மறுநாள் நான் வெந்நீர்ச் சட்டிக்கு முன்னால் உட்கார்ந்து அழுதேன். அவர் வந்து நின்றார்.

"எதுக்கு அழுவுற? மாடுகூட காரணமில்லாம கத்தாது."

சொன்னேன். முதலில் புள்ளலூர்க்காரர்களைத் திட்டினார். பிறகு மரப்பெட்டியைத் திறந்து பித்தளை மைக்ராஸ்கோப்பை எடுத்தார். ப்ளாஸ்கில் வந்தது உயிரோடு இருக்கிறதா என்று பார்க்க நிலையத்துக்குக் கொடுத்திருந்த பழைய கருவி அது. ஒரு தீக்குச்சியால் தன் கன்னத்தை உள்பக்கமாகச் சுரண்டி, கண்ணாடித் துண்டில் தடவி, ஒரு சொட்டு நீல மருந்து விட்டார்.

"பாரு."

பார்த்தேன். மெல்லிய சில்லு சில்லாகத் தெரிந்தது. ஒவ்வொன்றின் நடுவிலும் கருநீலமாக ஒரு பொட்டு.

"இது என் கன்னத்துல கீற செல்லு. இப்ப இத்தப் பாரு."

குழாயில் மிஞ்சியிருந்த ஒரு சொட்டை வேறு கண்ணாடியில் விட்டார். தலையும் வாலுமாக எண்ண முடியாத உயிர்கள் முண்டியடித்துக்கொண்டு ஓடின. எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. என்ன பார்க்கிறேன் என்று புரிந்ததும் முகத்தைத் திருப்பிக்கொண்டேன்.

"வெக்கமா இருந்தா வெளிய போ. இல்லாகாட்டி கேளு. உடம்புல கீறது ரெண்டே தினுசு செல்லுதான். தோலு, சதை, எலும்பு, ரத்தம், மூளை, எல்லாம் ஒரு தினுசு. அதுக்கு உடம்புச் செல்லுன்னு பேரு. இந்த உடம்பைக் கட்டி, ரிப்பேர் பண்ணி, காபந்து பண்றதுதான் அதும் வேலை. ஒண்ணு ரெண்டாவும், ரெண்டு நாலாவும். உன் கையில புண்ணு ஆறுச்சே, அத்தாலதான். இந்த உடம்பு போச்சுன்னா அதும் போச்சு. இன்னொண்ணு வித்துச் செல்லு. ஆம்பளைக்கு விந்து, பொம்பளைக்குக் கருமுட்டை. புள்ளைக்குப் போறது அது மட்டுந்தான். வேற எதும் போவாது. சோத்துப் பானையில பல்லி வுழுந்தா பரணை மேல கீற வெதைநெல்லு கெட்டுப்பூடுமா? ஆலை உன் விரலைத் தின்னுச்சு. உன் வயித்துக்குள்ள கீற கருமுட்டைகிட்ட ஆலைக்கு இன்னா வேலை?"

இன்னும் சொன்னார். செல்லுக்கு நடுவில் தெரிந்த பொட்டுக்குள் நூல்நூலாக இருக்குமாம். மாட்டின் உடம்புச் செல்லில் அறுபது நூல். வித்துச் செல்லில் மட்டும் அதில் பாதி, முப்பதுதான். காளையிடமிருந்து முப்பதும் பசுவிடமிருந்து முப்பதும் சேர்ந்தால்தான் கன்றுக்கு அறுபது. மனிதருக்கும் இதே மாதிரி பாதியும் பாதியும்தான், எண்ணிக்கை மட்டும் வேறு என்றார். நான் கண்ணைத் துடைத்துக்கொண்டேன். அந்த நிமிஷம் எனக்குச் சரியான கேள்விதான் வந்தது.

"அப்ப இன்னாதான் புள்ளைக்குப் போவும்?"

அவர் முகத்திலிருந்து கோபம் இறங்கியதை அன்றுதான் பார்த்தேன். "அதான் கேள்வி" என்றார். "அந்த நூல்ல இன்னா கீதோ அது போவும். சிலது வெளியவே தெரியாம..."

வாசலில் ஒருவர் மாட்டோடு வந்து நின்றார். பருவம் வந்து இரண்டு நாள் ஆயிற்றாம், அறுவடை வேலையில் கொண்டுவர முடியவில்லையாம். பருவம் தப்பிப்போன மாட்டுக்கு ஊசி போட்டு என்ன பயன்? இவர் எழுந்து கத்தினார், துண்டை உதறினார், சைக்கிளில் ஏறினார். என் கேள்விக்குப் பாதி பதில் கிடைத்தது. அந்தப் பாதியோடு நான் வீட்டுக்குப் போனேன்.

அந்தப் பாதி என் நைனாவுக்குத் தித்திப்பாக இருந்தது. உடம்புக்கு வந்தது பிள்ளைக்குப் போகாது, டாக்டரே சொல்லிவிட்டார் என்று ஊரெல்லாம் சொல்லிக்கொண்டு திரிந்தார். இருந்தும் வெளியிலிருந்து யாரும் வரவில்லை. கடைசியில் என் அம்மாவின் தம்பிக்கே என்னைக் கொடுப்பது என்று பேச்சு எழுந்தது. தாய்மாமன். எங்கள் பக்கத்தில் அக்காள் மகள் என்றால் உரிமைப் பெண். மாமா நல்ல உழைப்பாளி, குடிக்க மாட்டார், கண்ணியமானவர். ஆனால் அந்த வீட்டில் அவரோடு பிறந்த இருவருக்குக் காது கேட்காது, பேச்சும் வராது. ஒருவர் என் சித்தி, ஒருவர் இன்னொரு மாமா. சின்ன வயதில் அம்மை போட்டுக் காது போய்விட்டது என்று அம்மா சொல்வாள். எல்லோரும் அப்படியே சொன்னோம்.

என் சித்தியின் முகத்தில் ஓர் அம்மைத் தழும்புகூடக் கிடையாது. வழவழவென்று வெண்ணெய் மாதிரி இருக்கும். அவள் மடியில் தலைவைத்து எத்தனையோ நாள் அந்த முகத்தையே பார்த்துக்கொண்டு படுத்திருக்கிறேன். எனக்கு அது உறைக்கவில்லை என்று சொன்னால் பொய். உறைத்தது. நினைப்பை அப்படியே மூடி வைத்துக்கொண்டேன். கல்யாணம் நடந்தால் போதும் என்றிருந்தது எனக்கு. இந்த விஷயத்தில் நான் கோபப்பட வேண்டியவர்களில் நானும் ஒருத்தி.

நைனா ஒரு நாள் காலையில் நிலையத்துக்கு வந்தார். கூட நாலைந்து பேர் மாட்டோடு நின்றிருந்தார்கள்.

"பொண்ணை எம் மச்சானுக்கே குடுக்கலாம்னு கீறேன் டாக்டரே. அங்க ரெண்டு பேரு ஊமை. அம்மையில போனது. உடம்புக்கு வந்தது புள்ளைக்குப் போவாதுன்னு நீங்கதான சொன்னீங்க?"

அவர் கையிலிருந்த குழாயைக் கீழே வைத்தார்.

"அது வேற, இது வேற. ரெண்டு பேருக்குமா அம்மையில போச்சு? மூஞ்சில தழும்பு கீதா?"

நைனாவின் முகம் மாறிவிட்டது. அத்தனை பேர் முன்னால் மாமியார் வீட்டைப் பற்றிக் கேட்டால் யாருக்குத்தான் பொறுக்கும்? "மாட்டு வாலைத் தூக்கிப் பாக்கறவருக்கு எங்க வூட்டுப் பொம்பளைங்க மூஞ்சியில இன்னா வேலை?" என்றார். சுற்றி நின்றவர்கள் சிரித்துவிட்டார்கள்.

அவர் துண்டை உதறினார். மாடுகள் நின்றது நின்றபடி இருக்க, சைக்கிளில் ஏறிப் போய்விட்டார்.

நான் விடவில்லை. மறுநாள் ஊசியை அடுக்கிக்கொண்டே கேட்டேன். "அது வேற, இது வேறன்னீங்களே, இன்னா வேற?"

அவர் தலை நிமிரவில்லை. "உங்க நைனாவைக் கேளு. அவருக்குத்தான் எல்லாம் தெரியுமே."

அவ்வளவுதான். ஒரு கிடாரிக்காகப் பதினாலு மைல் மிதித்த கால் அது. எனக்காக நாலு வார்த்தை வரவில்லை. யாரோ நாலு பேர் சிரித்தார்கள் என்பதற்காக, கேட்டு நின்ற என்னிடம் ரோஷத்தைக் காட்டினார். பதிவேட்டைத் தினமும் தூசி தட்டி வைத்தது நான். எந்தக் கன்றும் தன் ரத்தத்திலேயே சேர்ந்துவிடக் கூடாது என்று அதில் அவர் பக்கம் பக்கமாக எழுதி வைத்திருந்தார். என் பெயரை எழுத அதில் ஒரு வரி இல்லாமல் போயிற்றே என்று பின்னால் எத்தனை நாள் வெந்திருக்கிறேன் தெரியுமா? கல்யாணத்துக்கு அவர் வரவில்லை.

தலைப்பிரசவத்துக்கு அம்மா வீட்டுக்கு வந்தேன். பையன் பிறந்தான். மருத்துவச்சி குளிப்பாட்டும்போதே எல்லோரும் குனிந்து விரல்களைத்தான் எண்ணினார்கள். கையில் பத்து, காலில் பத்து. அம்மா கற்கண்டு எடுத்துத் தெருவுக்கே கொடுத்தாள். "டாக்டரு சொன்னது சரியாப்பூடுச்சு" என்று நைனா சொல்லிச் சொல்லி மாய்ந்தார். நானும் சிரித்தேன். என் மகனின் வலது கையை விரித்து விரித்து முத்தம் கொடுத்தேன்.

பையனுக்கு ஏழாம் மாதம் நடக்கும்போது ஒரு நாள் மத்தியானம் அவர் எங்கள் வீட்டுக்கு வந்தார். அதுவரை எங்கள் வாசலை மிதிக்காதவர். கையில் மாட்டுக் கழுத்து மணி ஒன்று. குழந்தை முற்றத்தில் உட்கார்ந்து கோழியைப் பார்த்துக்கொண்டிருந்தான். அவர் அவனுக்குப் பின்னால் போய் நின்று மணியை ஆட்டினார். கோழி திடுக்கிட்டு ஓடியது. கோழி ஏன் ஓடுகிறது என்று என் மகன் அதையே பார்த்துக்கொண்டிருந்தான். மறுபடி ஆட்டினார். காதுக்குப் பக்கத்தில் வைத்து ஆட்டினார். அவன் திரும்பவில்லை.

எனக்கு அது ஏற்கெனவே தெரியும். பாத்திரம் விழுந்தாலும் அவன் தூக்கம் கலைந்ததில்லை. பெற்றவளுக்குத் தெரியாமல் இருக்குமா? சொல்லத்தான் வாய் வரவில்லை.

அவர் தரையிலேயே உட்கார்ந்துவிட்டார். நைனா, அம்மா, என் வீட்டுக்காரர் எல்லோரும் இருந்தார்கள். அன்றைக்குத்தான் அவர் பேசி முடித்தார். சத்தமே போடவில்லை. பிறந்த பிறகு உடம்புக்கு வருவது உடம்புச் செல்லோடு போய்விடும். ஆனால் ஒரே வீட்டில் இப்படிப் பிறவியிலேயே பலருக்கு வருவது வித்துச் செல்லின் நூலில் இருந்து வருவது. அந்த நூலில் ஒரு பழுது இருந்தாலும் ஜோடி நூல் நன்றாக இருந்தால் வெளியே தெரியாது. காது நன்றாகவே கேட்கும். ஒரே வீட்டு ரத்தம் இரண்டு பக்கமும் சேர்ந்தால், தாயிடமிருந்தும் தகப்பனிடமிருந்தும் அதே பழுது வந்து ஜோடி சேர்ந்துவிடலாம். எல்லாப் பிள்ளைக்கும் வரும் என்பதில்லை, வரலாம். "அத்தாலதான் ஒரே காளையை அதும் கன்னுக்கே போட மாட்டோம்" என்றார்.

நைனா "இத்த அன்னிக்கே சொல்லியிருக்கலாமே டாக்டரே" என்றார்.

"சொல்லியிருக்கணும்" என்றார் அவர். எழுந்து, மணியை அங்கேயே வைத்துவிட்டு, சைக்கிளைத் தள்ளிக்கொண்டே போனார்.

ஒன்று சொல்லிவிட வேண்டும். என் மகன் மேல் எனக்கு ஒரு குறையும் இல்லை. இன்றைக்கு அவன் தன் கையால் வீடு கட்டி, தன் பிள்ளைகளைப் படிக்க வைத்திருக்கிறான். நான் கோபமாக இருந்தால் ஊரில் முதலில் கண்டுபிடிப்பவன் அவன்தான். தோளைத் தொட்டு என்ன என்று கையால் கேட்பான். என் கோபம் அவன் பிறந்ததற்கு இல்லை. தெரிந்தவர்கள் எல்லோரும் தெரிந்ததை ஆளுக்குப் பாதியாக வைத்துக்கொண்டு, ஒன்றும் தெரியாத மாதிரி எனக்கு மாலை போட்டார்களே, அதற்கு.

மூன்று வருஷம் கழித்து என் தங்கைக்குப் பேச்சு நடந்தது. யாருக்கு? என் வீட்டுக்காரருக்குக் கடைசித் தம்பி இருந்தார், அவருக்கு. அதே வீடு, அதே ரத்தம். டாக்டர் சொன்னதெல்லாம் என்ன ஆயிற்று என்று கேட்டேன். "அது உன் நேரம். எல்லாருக்குமா அப்டி ஆவும்? வரலாம்னுதான சொன்னாரு, வரும்னா சொன்னாரு?" என்றாள் அம்மா. பார்த்தீர்களா, முழுதாகச் சொன்னாலும் தனக்கு வேண்டிய பாதியைத்தான் எடுத்துக்கொள்கிறார்கள். தங்கைக்குப் பதினேழு வயது. என்னைப் போலவே அவளும் எதையோ மூடி வைத்திருந்தாள் என்று முகத்தைப் பார்த்தாலே தெரிந்தது.

தட்டு மாற்றும் நாள். முற்றத்தில் ஐம்பது பேர். தாம்பூலத் தட்டைத் தூக்கும்போது நான் மகனை இடுப்பில் வைத்துக்கொண்டு நடுவில் போய் நின்றேன். என் இரண்டு விரலால் தட்டைப் பிடித்தேன். நைனா கையை ஓங்கினார். "அடிங்க, அடிச்சிட்டு உக்காருங்க. நான் பேசி முடிக்காம போவ மாட்டேன்" என்றேன்.

"அம்மா, உன்னை ஒண்ணே ஒண்ணு கேக்கறேன். சித்திக்கு எந்த வயசுல அம்மை போட்டுச்சு? தழும்பு எங்க?"

சித்தி கூட்டத்தில்தான் நின்றிருந்தாள். எல்லோரும் திரும்பி அந்த முகத்தைப் பார்த்தார்கள். என்ன நடக்கிறது என்று புரியாமல் அவள் என்னைப் பார்த்துச் சிரித்தாள். அம்மா தலை குனிந்துகொண்டாள். என் வீட்டுக்காரர்தான் எழுந்தார்.

"அம்மையெல்லாம் இல்ல. பொறந்ததிலேந்தே அப்டித்தான். எங்க வூட்டுல எல்லாருக்கும் தெரியும்" என்றார். தன் அக்காவான என் அம்மாவின் முகத்தைப் பார்க்காமல் உட்கார்ந்துகொண்டார்.

அதற்குப் பிறகு நான் பேசினேன். ஆலை விரலைத் தின்ற கையைக் காட்டி, இது போன உடம்புச் செல் என்றேன். மகனின் பத்து விரலையும் விரித்துக் காட்டி, அது இவனுக்கு வரவில்லை பாருங்கள் என்றேன். அவன் காதைத் தொட்டு, இது எங்கள் இரண்டு பேரிடமிருந்தும் பாதி பாதியாக வந்தது, தழும்பில்லாமல் வந்தது, வித்துக்குள் ஒளிந்து வந்தது என்றேன். மாட்டுக்குப் பதிவேடு போட்டுப் பார்க்கிற ஊர் பெண்ணுக்குப் பார்க்காதா என்று கேட்டேன். யாரோ வெட்கங்கெட்டவள் என்றார்கள். யாரோ எழுந்து போனார்கள். நான் நிறுத்தவில்லை. என் தங்கை அழுதுகொண்டே மணைப்பலகையை விட்டு எழுந்து என் பக்கத்தில் வந்து நின்றாள். தட்டு மாறவில்லை.

அப்போதுதான் வேலிக்கு வெளியே பார்த்தேன். முதல் பஸ்ஸுக்குப் போய்விட்டுத் திரும்பும் வழியில் அவர் நின்றிருந்தார். கேரியரில் ஈரச் சாக்கு சுற்றிய ப்ளாஸ்க். வெயில் ஏறியிருந்தது, சாக்கு காய்ந்து வெளுத்திருந்தது. உள்ளே ஐஸ் உருகிக்கொண்டிருந்திருக்கும். ஒரு கை ஹேண்டில்பாரில் இருந்தது, துண்டு தோளிலேயே இருந்தது. நான் கடைசி வார்த்தை பேசி முடிக்கும் வரை அவர் சைக்கிளில் ஏறவில்லை.